வேப்பிலைக் குறி போட்ட நாற்காலி

முதலிலேயே மன்னிப்புக் கேட்டுக்கொள்கிறேன். ஐந்தாம் வகுப்போடு படிப்பை நிறுத்தியவள் நான். என் எழுத்து கோணலாக வரும். சொல்ல வந்தது பாதியில் மறந்து போகும், பிறகு வேறு இடத்தில் நினைவுக்கு வரும். நாலு பேர் முன்னால் வாய் திறந்து பேசிப் பழக்கமில்லை. இந்த வயதிலும் புது ஆள் வந்து கூப்பிட்டால் கதவுக்குப் பின்னால் நின்றுதான் பதில் சொல்கிறேன். காகிதம் என் முகத்தைப் பார்க்காது என்பதால் இதை எழுதத் துணிந்தேன்.

போன மாதம் என் தம்பி மகள் பத்திரிகையை உரக்கப் படித்தாள். நம் நாட்டு மேஜை நாற்காலிகளை வெளிநாட்டுக்காரர்கள் ஏன் அதிகம் வாங்குவதில்லை என்று யாரோ ஒருவர் நீளமாக எழுதியிருந்தார். மரம் கிடைப்பதில்லை, மெஷின் பழையது, கப்பல் கூலி அதிகம் என்று காரணம் சொல்லிக்கொண்டே போனார். இருக்கலாம், எனக்கு அதெல்லாம் தெரியாது. ஆனால் எனக்குத் தெரிந்த ஒரு காரணத்தை அவர் எழுதவில்லை. அந்தக் காரணத்துக்கு வெற்றிலைக் கறை படிந்த பல் இருந்தது, சலவை ஜிப்பா இருந்தது. அவர் செத்து எத்தனையோ வருஷம் ஆகிவிட்டது. எனக்கு இன்னும் ஆறவில்லை.

அரியலூர் ரயிலடிக்குக் கொஞ்ச தூரத்தில் அவருடைய நாற்காலிப் பட்டறை இருந்தது. முன்னால் ஒரு ஓட்டுக் கட்டடம், பின்னால் இரண்டு கீற்றுக் கொட்டகை. ஒரு கொட்டகையில் ஆசாரிமார் மரம் அறுத்து இழைத்து நாற்காலியாகப் பூட்டுவார்கள். இன்னொன்றில் நாங்கள் பெண்கள் எட்டுப் பேர் உட்கார்ந்து நாற்காலியின் இருக்கைக்குப் பிரம்பு பின்னுவோம். எங்கள் அப்பாதான் அங்கே தலைமை ஆசாரி. ஜப்பான் சண்டைக்கு முன்னால் அந்தப் பட்டறை நாற்காலி தூத்துக்குடிக்கு ரயிலில் போய் அங்கிருந்து கொழும்புக்குக் கப்பலேறும். பினாங்குக்கும் போகும். பின்னுகிற பிரம்பு சிங்கப்பூரிலிருந்து வரும். எங்கள் ஊரை விட்டு நான் எங்கும் போனதில்லை, ஆனால் என் கை பட்டது கடல் தாண்டிப் போயிற்று என்று அப்போது ஒரு பெருமை உண்டு.

அப்பா தான் செய்த ஒவ்வொரு நாற்காலியிலும் சாய்மானத்துக்குக் கீழே உள்பக்கம், கையை விட்டுத் தடவினால் மட்டும் தெரிகிற இடத்தில், ஒரு வேப்பிலை செதுக்குவார். உளியை மூன்று தரம் வைத்து எடுப்பார், இலை வந்துவிடும். இரண்டு ஓரம், ஒரு நடு நரம்பு. அதைப் போடாமல் ஒரு நாற்காலியையும் கையை விட்டு அனுப்ப மாட்டார். கொழும்பிலும் பினாங்கிலும் வாங்குகிறவர்கள் நாற்காலியைக் கவிழ்த்துப் பார்த்து இலை இருந்தால்தான் எடுப்பார்கள் என்று முதலாளியே சொல்லிச் சிரித்திருக்கிறார்.

பட்டறையில் ஒரு வழக்கம் இருந்தது. செய்கிறவர்கள் யாரும் நாற்காலியில் உட்காரக் கூடாது. செய்தவன் உட்கார்ந்தால் சரக்கு திரும்பி வந்துவிடும் என்பார்கள். முதலாளிக்கு முன்னால் ஆசாரி நாற்காலியில் உட்கார்வதாவது என்பதுதான் அதற்குள்ளே இருந்த விஷயம் என்று இப்போது தோன்றுகிறது. அப்போது நாங்கள் அதைச் சாமி சொன்னது போல நம்பினோம். அப்பாவும் நம்பினார். நூற்றுக்கணக்கான நாற்காலி செய்த மனுஷன் தரையில்தான் உட்கார்ந்தார். முடித்த நாற்காலியைக் கையால் பிடித்து ஒரு குலுக்குக் குலுக்கிப் பார்ப்பார், அவ்வளவுதான். காய்ந்த மரமாக இருந்தவரைக்கும் அந்தக் குலுக்கலே போதுமாக இருந்தது.

முதலாளி மட்டும் தோன்றின நாற்காலியில் உட்காருவார். சும்மா உட்கார மாட்டார். முன்னங்கால் இரண்டும் தரையை விட்டு எழும்பும்படி பின்னால் சாய்ந்து, வெற்றிலையைக் குதப்பிக்கொண்டு ஊஞ்சல் மாதிரி ஆடுவார். கனத்த உடம்பு. இதை மறக்காமல் எழுதிவிட்டேன், பின்னால் வேண்டும்.

சண்டை வந்ததும் கப்பல் நின்றது. சிங்கப்பூரை ஜப்பான்காரன் பிடித்தான் என்றார்கள், எங்களுக்குப் பிரம்பு நின்றது. பனை நாரை ஊறவைத்துப் பின்னிப் பார்த்தோம், அது உட்கார்ந்தவர் துணியைக் கிழித்தது. பிறகு நாற்காலியே இல்லை, மிலிட்டரிக்கு மடக்குக் கட்டில்தான். நல்ல தேக்கெல்லாம் சர்க்கார் எடுத்துக்கொண்டது. மரம் வாங்க பர்மிட், ஏற்ற பர்மிட், கூட்ஸ் வண்டியில் இடம் கிடைக்க ஒரு பர்மிட். சண்டை முடிந்த மறுவருஷம் மெட்ராஸ் கம்பெனியிலிருந்து ஆர்டர் வந்தது. கொழும்புக்கு நாற்காலி வேண்டும், சீக்கிரம் வேண்டும் என்று. பிரம்புக் கட்டும் மறுபடி வர ஆரம்பித்தது. ஊரே சந்தோஷப்பட்டது.

மரம்தான் இல்லை. முதலாளி பெரம்பலூர்ப் பக்கம் மலையடிவாரத்திலிருந்து லாரி லாரியாக வாகை மரம் இறக்கினார். வெட்டி ஒரு வாரம்கூட ஆகாத பச்சை மரம். பட்டையை உரித்தால் கையில் தண்ணீர் ஒட்டும்.

அப்பா மரத்தைத் தடவிப் பார்த்துவிட்டு முதலாளியிடம் போனார். நான் கொட்டகையிலிருந்து கேட்டுக்கொண்டிருந்தேன்.

"மொதலாளி, இது இன்னும் உசிரோட இருக்குங்க. கொறஞ்சது ஒரு வருசம் நெழல்ல கெடக்கணும். இப்ப துளை போட்டு கழுந்த மாட்டுனா, காஞ்சதும் சுருங்கிக் கழண்டுக்கும்ங்க."

நாற்காலிக் கால்களில் துளை போட்டு, சட்டங்களின் முனையை அதற்குள் நுழைகிற மாதிரி செதுக்கி மாட்டுவார்கள். அந்த முனைக்குத்தான் கழுந்து என்று பெயர்.

"கழண்டா கொழும்புல கழளட்டும்யா. அரியலூர்ல கழளாம இருந்தா போதும்" என்றார் முதலாளி. அவருடைய மச்சினன் பக்கத்தில் நின்று கெக்கெக்கே என்று சிரித்தான். பட்டறையை மேற்பார்வை பார்க்கிறவன் அவன்தான்.

"செய்யச் சொன்னா செய்யறேங்க. ஆனா குறி போட மாட்டேன்."

"நீ போடாட்டி போ."

அப்பா குறி போடவில்லை. முந்நூறு நாற்காலி போயிற்று. வெளுத்த வாகை தேக்கு மாதிரி தெரிய, காவியும் காசுக்கட்டியும் கரைத்துப் பூசி அதன் மேல் அரக்கு மெருகு ஏற்றினார்கள். பார்க்க ராஜா மாதிரி இருந்தது.

நாலு மாதம் கழித்துக் கம்பெனியிலிருந்து கடுதாசி வந்தது. கொழும்பில் இறக்கிய நாற்காலி எல்லாம் ஆடுகிறது, சிலது உட்கார்ந்தவரோடு பிரிந்து விழுந்தது, உங்கள் வேப்பிலைக் குறி போட்ட சரக்கா இப்படி, என்று. கடுதாசியோடு ஒரு சட்டத்தை அறுத்து அனுப்பியிருந்தார்கள். அதில் இலை இருந்தது.

அப்பா அதைக் கையில் வாங்கிப் பார்த்தார். இரண்டு தரம் திருப்பினார். பிறகு, "இது என் கை இல்ல" என்றார். இலை ஆழமாக, ஒரே சமமாக, அமுக்கி வைத்த மாதிரி இருந்தது. மச்சினன் கொல்லனிடம் இரும்பில் இலை அச்சு செய்து வாங்கி, சுத்தியலால் அடித்திருந்தான் என்று பிறகுதான் தெரிந்தது. நாங்கள் பின்னி முடித்த பிறகு மெருகு போடுகிற அறையில் வைத்து அடித்ததால் எங்கள் கண்ணில் படவில்லை.

முதலாளி எல்லோரையும் முன்கட்டில் கூட்டி வைத்துப் பேசினார். "காஞ்ச தேக்கக் குடுத்தேன். நம்ம ஆசாரி அத வெளிய வித்துட்டு பச்ச மரத்த வச்சுப் பூட்டியிருக்காரு. குறி பேசுது பாருங்க. நான் என்ன சொல்ல?"

அப்பாவுக்கு வாய் வரவில்லை. நானும் அவர் மாதிரிதான், அந்த நேரத்தில் நாக்கு ஒட்டிக்கொள்ளும். யாராவது ஒருவர் 'தேக்கை நாங்கள் கண்ணால் பார்க்கவே இல்லையே' என்று சொல்லியிருக்கலாம். பதினோரு ஆசாரிமார் நின்றார்கள். எல்லோரும் தரையைப் பார்த்தார்கள். அந்தப் பதினோரு தலையையும் நான் மறக்கவில்லை.

அப்பா தன் உளிகளைத் துணியில் சுற்றிக்கொண்டு நடந்து வந்தார். முதலாளி அதோடு விடவில்லை. கம்பெனிக்கு எழுதினார், மரக்கடைகளுக்குச் சொன்னார், கூட்ஸ் ஷெட்டில் சொன்னார். அப்பா ஜெயங்கொண்டம் போனார், வேலை இல்லை. பெரம்பலூருக்கு நடந்தே போனார். மூன்றாம் நாள் திரும்பி வந்து கால் கழுவாமலே உள்ளே வந்து உட்கார்ந்தார்.

அம்மா, "என்ன சொன்னாங்க?" என்றாள்.

"'கொழும்புல குப்புற விழுந்த நாற்காலி ஆசாரி நீதானா'ன்னு கேட்டாங்க. அதுக்கு அப்புறம் என்ன சொல்லப் போறாங்க?"

அதற்குப் பிறகு வண்டிக்கு நுகத்தடி, மண்வெட்டிக்குக் காம்பு என்று யார் எதைக் கொடுத்தாலும் செய்தார். இலை போடுவதை விட்டுவிட்டார். ஒரு தடவை அம்மா கேட்டதற்கு, "அது இப்ப திருட்டுக் குறி" என்றார். அந்த வார்த்தையைக் கேட்ட அன்றைக்கே நான் தீர்மானம் செய்துகொண்டேன். என்ன செய்வேன் என்று தெரியாது. ஆனால் செய்வேன் என்று தெரியும்.

பட்டறைக்குப் போவதை நான் நிறுத்தவில்லை. கூலிக்காகத்தான் போகிறேன் என்று அம்மா நினைத்தாள், அப்பாவும் அப்படித்தான் நினைத்தார். முதலாளி என்னை விரட்டவில்லை, ஏனென்றால் என்னைப் போல நெருக்கமாகப் பின்னுகிறவள் அங்கே இல்லை. வாரம் ஒருமுறையாவது என்னைத் தாண்டிப் போகும்போது, "என்ன குட்டி, ஒங்கப்பன் இப்ப கலப்பைக்கு எல போடறானாமே?" என்பார். நான் தலையைக் குனிந்துகொண்டு இன்னும் இறுக்கி இழுப்பேன்.

எனக்குப் பக்கத்தில் உட்கார்ந்து பின்னுகிறவள் ஒரு பெரியம்மா. எங்களுக்குச் சொந்தம் இல்லை, வயதுக்காக அப்படிக் கூப்பிடுவேன். புருஷன் ரங்கூனுக்குப் போனவன் திரும்பவில்லை. வாய் நிற்காது. முதலாளி அந்தப் பக்கம் போனதும், "வூட்டுல பொண்டாட்டி முன்ன வாய் தொறக்க மாட்டாரு. அதான் இங்க வந்து கக்கறாரு" என்பாள். பெண்கள் சிரிப்பை அடக்க முந்தானையைக் கடிப்பார்கள்.

ஆறு மாதம் போனது. மறுபடி ஆர்டர். இந்தத் தடவை இரண்டு சரக்கு. கொழும்புக்குப் போவது மெட்ராஸ் கம்பெனி மூலம், அதற்கு இலைக் குறி இல்லை. அந்த ஆசாரியை நிறுத்திவிட்டேன் என்று முதலாளி எழுதியிருந்தார் அல்லவா? பினாங்குக்குப் போவது வேறொரு தரகர் மூலம். அங்கே இன்னும் கெட்ட பெயர் பரவவில்லை, பழைய இலைக் குறி நாற்காலிதான் வேண்டும் என்று கேட்டார்களாம். அதனால் அதற்கு அச்சு அடித்தார்கள். அப்பாவைத் திருடன் என்று துரத்திவிட்டு, அப்பாவின் இலையை வைத்தே விற்றார்கள். இதை மச்சினன் ஒளிக்கக்கூட இல்லை. இந்தத் தடவை பின்னுவதற்கு முன்னாலேயே எங்கள் கொட்டகை வாசலில் உட்கார்ந்து டொக்கு டொக்கென்று அடித்தான். அடித்து முடித்ததும் அச்சை முன்கட்டில் மெருகுச் சாமான் வைக்கிற பெட்டிக்குள் போடுவான். நாங்கள் பெண்கள்தானே, யாரிடம் போய்ச் சொல்லப்போகிறோம்.

மரம் இந்தத் தடவையும் பச்சை. பின்னுகிறவளுக்கு அது முதலில் தெரியும். பிரம்பு நாரைத் தண்ணீரில் ஊறவைத்து, சட்டத்தில் போட்ட துளை வழியாக இழுப்போம். காய்ந்த மரமானால் துளை நாரின் ஈரத்தை உறிஞ்சிக்கொள்ளும். பச்சை மரத்துத் துளை உறிஞ்சாது, புளித்த வாசனை வரும். நார் காயும்போது இறுகிச் சட்டங்களை உள்பக்கமாக இழுக்கும். காய்ந்த மரம் அதைத் தாங்கும். பச்சை மரத்தில் கழுந்து ஏற்கெனவே சுருங்கத் தொடங்கியிருக்கும். அதோடு நாரும் இழுத்தால் மூட்டு என்ன ஆகும்?

இதைக் கண்டுபிடித்தது ஒரு மத்தியானம். எல்லோரும் சாப்பிடப் போயிருந்தார்கள். கொட்டகையில் பின்னி முடித்த பினாங்கு நாற்காலிகள் வரிசையாக நின்றன. நான் அதில் ஒன்றைப் பார்த்தபடியே நின்றேன். செய்தவன் உட்கார்ந்தால் சரக்கு திரும்பி வரும். வரட்டுமே என்று நினைத்தேன். உட்கார்ந்தேன்.

பதினாறு பதினேழு வயதில் முதல் தடவையாக நாற்காலியில் உட்கார்ந்தேன். காலைத் தொங்கவிட என்னவோபோல் இருந்தது. முதுகைப் பின்னால் சாய்த்தேன். கிர் என்று ஒரு சத்தம், எலி கடிப்பது போல. முதலாளி சாய்கிற மாதிரி முன்னங்காலைத் தூக்கினேன். சத்தம் பெரிதாயிற்று. பச்சை மரம் வந்த பிறகும் நாங்கள் யாரும் உட்காராததால்தான் இது ஒருவருக்கும் கேட்கவில்லை! குலுக்கிப் பார்த்தால் ஈர மரம் கெட்டியாகத்தான் நிற்கும். சாய்ந்தால்தான் பேசும். நான் எழுந்து அடுத்ததில் உட்கார்ந்தேன். அதற்கடுத்ததில் உட்கார்ந்தேன். தினம் மத்தியானம் இதே வேலை. ஒவ்வொன்றிலும் உட்காரும்போது, திரும்பி வா, திரும்பி வா என்று மனதுக்குள் சொன்னேன். அப்படிச் சபித்ததற்கு இன்றைக்கும் வெட்கமில்லை.

பினாங்குச் சரக்கில் அச்சு அடித்து இன்னும் பின்னாமல் கிடந்தவற்றில் மிக மோசமான ஒன்றைத் தேர்ந்தெடுத்தேன். பின்கால் கழுந்தில் விரலை வைத்தால் குளிர்ந்தது. அதற்கு நாரை நன்றாக ஊறவைத்து, பல்லைக் கடித்துக்கொண்டு இழுத்து இழுத்துப் பின்னினேன்.

"அடியே, யாரு கழுத்தடி நெரிக்கிற?" என்றாள் பெரியம்மா.

நான் இன்னும் ஒரு இழுப்பு இழுத்தேன். அவள் என் முகத்தை ஒரு நொடி பார்த்தாள். பிறகு தன் வேலையைப் பார்த்தாள்.

ஏற்றுமதிக்கு முன் சரக்கைப் பார்த்துக் கையெழுத்துப் போட மெட்ராஸ் கம்பெனி ஆபீசர் ஒருவர் ரயிலில் வந்தார். கொழும்பில் பட்ட அவமானத்துக்குப் பிறகு வருகிறார். முதலாளி இதற்கென்றே எங்கிருந்தோ பழைய தேக்கு வாங்கி ஆறு நாற்காலி செய்து வைத்திருந்தார். மெருகு போட்டபின் எல்லாம் ஒரே நிறம், வித்தியாசம் தெரியாது. அதனால் நல்ல ஆறுக்கும் பின்காலில் சுண்ணாம்பால் ஒரு புள்ளி வைத்திருந்தான் மச்சினன். அந்த ஆறைத்தான் நாங்கள் தூக்கிக்கொண்டு போய் முன்கட்டில் போட வேண்டும்.

ஒரு புள்ளியை எச்சில் தொட்டு அழித்தேன். என் நாற்காலிக்கு ஒரு புள்ளி வைத்தேன். அவ்வளவுதான் நான் செய்தது. தூக்கிக்கொண்டு போனபோது பயத்தில் நாற்காலியைத் தூணில் இடித்துவிட்டேன். மச்சினன், "பாத்துத் தூக்கு மூதேவி, காலு ஒடஞ்சா ஒங்கப்பனையா கூப்புட முடியும்?" என்றான். அந்த வார்த்தை வந்ததும் பயம் போய்விட்டது.

முதலாளி எப்போதும் உட்காருகிற ஜன்னல் ஓரத்தில் அதை வைத்தேன்.

ஆபீசர் மெல்லிய ஆள், கண்ணாடி போட்டவர். உள்ளே வந்தவர் வேறெங்கும் போகாமல் நேராக ஜன்னல் ஓரத்துக்குப் போனார். என் நாற்காலியின் சாய்மானத்தில் கை வைத்தார்.  இவர் விழுந்தால் பழி எங்கள் வீட்டுக்குத்தான் வரும். அதைவிட, விழ வேண்டியவர் இவர் அல்ல.

நான் ஒரு தேக்கு நாற்காலியைப் பரபரவென்று இழுத்துக்கொண்டு போய் அவருக்கு முன்னால் போட்டேன். "இதுல உக்காருங்க சார். அங்க வெயில் அடிக்கும்" என்றேன். பெரியம்மா வாயைப் பிளந்து என்னைப் பார்த்தாள். அந்நிய ஆம்பளையிடம் நான் பேசியது அதுதான் முதல் தடவை.

ஆபீசர் அதில் உட்கார்ந்தார். ஆடவில்லை. இன்னொன்றிலும் உட்கார்ந்து பார்த்தார். "நல்லாத்தான் இருக்கு. ஆனா போன தடவையும் நல்லாத்தான் இருக்குன்னு அனுப்பினீங்க" என்றார்.

"போன தடவ திருடன வேலைக்கு வச்சிருந்தேன் சார். இப்ப அவன் இல்ல. இந்தாங்க, நானே உக்காந்து காட்டறேன். என் ஒடம்பத் தாங்குனா கொழும்பையே தாங்கும்" என்று முதலாளி சிரித்துக்கொண்டே ஜன்னல் ஓரம் போய் உட்கார்ந்தார். சாய்ந்தார். முன்னங்கால் எழும்பியது. எனக்குக் கிர் சத்தம் கேட்டது. அவருக்குக் கேட்கவில்லை. இரண்டாம் தரம் இன்னும் சாய்ந்து ஆடினார்.

பின்கால் இரண்டும் இரண்டு திசையில் போயிற்று. முதலாளி மல்லாக்க விழுந்தார். வாயிலிருந்த வெற்றிலைச் சாறு முழுக்க ஜிப்பாவில். கால் இரண்டும் மேலே. எழுந்திருக்க முயற்சி செய்து, "ஐயோ இடுப்பு" என்று மறுபடி விழுந்தார். கவிழ்த்துப் போட்ட கரப்பான் மாதிரி கிடந்தார். எழுபது வருஷத்துக்கும் மேலாக நான் இதை மனதுக்குள் போட்டுப் பார்க்கிறேன், ஒரு தடவைகூட அலுக்கவில்லை.

ஆபீசர் அவரைத் தூக்கப் போகவில்லை. நாற்காலியைத் தூக்கித் திருப்பினார். சாய்மானத்துக்குக் கீழே விரலை விட்டார். முகம் மாறியது.

"இது என்ன குறி?"

மச்சினன் முந்திக்கொண்டான். "அது... அந்தப் பழைய ஆசாரி செஞ்சது சார். பழைய நாற்காலி ஒண்ணு தப்பாக் கலந்துடுச்சு."

"அவர எப்ப நிறுத்தினீங்க?"

"எட்டு மாசம் ஆச்சு சார்."

ஆபீசர் கழன்ற கழுந்தைக் கட்டை விரலால் அழுத்தினார். விரலை எங்களுக்குக் காட்டினார். ஈரம் மினுங்கியது. "எட்டு மாசமா இது காயலையா?"

 முதலாளி தரையில் முனகினார். பெரியம்மா யாருக்கோ சொல்வது போலச் சொன்னாள்: "ஆசாரி வெளிய போனாலும் அவரு எல மட்டும் இங்க துளுத்துக்கிட்டே இருக்குது சாமி."

ஆபீசர் என்னைப் பார்த்தார். பேசிவிட்ட வாய் மறுபடி ஒட்டிக்கொண்டது. கையை நீட்டி மெருகுப் பெட்டியைக் காட்டினேன். அவரே போய்த் திறந்தார். இரும்பு அச்சு அரக்கு ஒட்டிக் கிடந்தது. அதை எடுத்து உடைந்த சட்டத்தில் இருந்த இலைக்குள் வைத்தார். பொருந்தி உட்கார்ந்தது. அச்சைக் கைக்குட்டையில் சுற்றிப் பைக்குள் போட்டுக்கொண்டார்.

"அந்த ஆசாரி எங்க இருக்காரு?" என்று மட்டும் கேட்டார். யாரோ சொன்னார்கள். அவருக்கு ரயிலுக்கு நேரமாகிவிட்டது. வீட்டுக்கு வரவில்லை.

சாயங்காலம் நான் வீட்டுக்குப் போகும் முன்பே செய்தி போயிருந்தது. அப்பா ஏர்க்கால் இழைத்துக்கொண்டிருந்தார். நிமிரவில்லை.

"அந்த நாற்காலிய யாரு அங்க வச்சது?"

"நான்."

கொஞ்ச நேரம் இழைத்தார். "எந்த மூட்டு விட்டுச்சு?"

"பின்கால் ரெண்டும்."

"அதான் விடும்னு அன்னைக்கே சொன்னேன்." அப்பா சிரித்தார். எட்டு மாதம் கழித்துப் பார்த்த சிரிப்பு. பிறகு குரலைத் தாழ்த்திக் கேட்டார்: "நீ உக்காந்து பாத்தியா? எப்பிடி இருந்துச்சு?"

"கிர்ருன்னு சத்தம் வந்துச்சுப்பா."

"நான் செஞ்சதுல உக்காந்தா வராது" என்றார். அவர் உட்கார்ந்து பார்த்ததில்லை. ஆனாலும் சொன்னார்.

முதலாளிக்கு இடுப்பு சரியாகவில்லை. கடைசி வரைக்கும் கம்பு ஊன்றி, தரையைப் பார்த்துத்தான் நடந்தார். கோயிலுக்குப் போகிற வழியில் அவர் எதிரே வந்தால் நான் ஒதுங்க மாட்டேன், நின்று பார்ப்பேன். கம்பெனி கொழும்புச் சரக்கை எடுக்கவில்லை. பட்டறை ஒரு வருஷத்துக்குள் மூடியது. அரியலூர் நாற்காலியே வேண்டாம் என்று கம்பெனி வேறு ஜில்லாவுக்குப் போய்விட்டது. பதினோரு ஆசாரிமாருக்கும் வேலை போயிற்று. அவர்களுக்காக நான் வருத்தப்படவில்லை. அன்றைக்குத் தரையைப் பார்த்தவர்கள்தானே? பெரியம்மாவுக்காக மட்டும் வருத்தப்பட்டேன். அவள் ஜெயங்கொண்டம் பக்கம் முந்திரிக்கொட்டை உடைக்கப் போனாள். அந்த எண்ணெய் பட்டு அவள் விரலெல்லாம் வெந்து தோல் உரிந்தது. பார்க்கப் போனபோது கையை முந்தானைக்குள் ஒளித்துக்கொண்டு, "நல்லா விழுந்தான்டி" என்று சொன்னாள். நான்தான் என்று அவளுக்குத் தெரிந்திருந்தது. யாரிடமும் சொல்லவில்லை.

ஆனால் ஒன்று மிச்சம் இருக்கிறது. அரியலூரில் அப்பா பெயர் திரும்பியது, மறுபடி இலை போட ஆரம்பித்தார். கொழும்பில் திரும்பவில்லை. அந்த முந்நூறு அங்கேதான் கிடந்தது. பினாங்குச் சரக்கில் பாதியை அதற்கு முந்தைய வாரமே ஏற்றிவிட்டார்கள். அதில் உட்கார்ந்து விழுந்த ஒவ்வொருவரும் நாற்காலியைத் திருப்பி, இலையைப் பார்த்து, எங்கள் அப்பாவைத் திட்டியிருப்பார்கள். கடல் தாண்டிப் போய் அவர்கள் வாயை நான் எப்படி மூடுவேன்? முதலாளி செத்த பிறகும் அந்த விஷயத்தில் அவர்தான் ஜெயித்துக்கொண்டிருக்கிறார்.

ஆகையால் இதைப் படிக்கிறவர்களிடம் ஒன்று கேட்கிறேன். எந்த வருஷம் கப்பல் மறுபடி ஓடியது, எத்தனை மாதம் கழித்துக் கடுதாசி வந்தது என்பதில் நான் தப்பாக எழுதியிருக்கலாம். தெரிந்தவர்கள் திருத்துங்கள். கொழும்பிலோ பினாங்கிலோ பழைய பங்களாவில், பள்ளிக்கூடத்தில், சாமான் கடையில் பிரம்பு நாற்காலி கிடந்தால் யாராவது கவிழ்த்துப் பாருங்கள். சாய்மானத்துக்குக் கீழே விரலை விட்டுத் தடவுங்கள். இலை ஆழமாக, ஒரே சமமாக இருந்தால் அது அந்த ஆளுடையது, அடுப்பில் வையுங்கள். நடு நரம்பு ஒரு பக்கம் லேசாக வளைந்து, ஓரம் இரண்டும் ஒன்றுபோல் இல்லாமல் இருந்தால் அது எங்கள் அப்பா கை. அதில் உட்கார்ந்து பின்னால் சாயுங்கள். சத்தம் வருகிறதா இல்லையா என்று பார்த்து எனக்கு ஒரு வரி எழுதுங்கள்.